நிழலிட்ட பகுதி

கிணுக், கிணுக், கிணுக் என்று தெருமுனையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. கொலுசு இல்லை. மாட்டு மணி இல்லை. பால் கேன் மூடி கடகடக்கிற சத்தமும் இல்லை. அதெல்லாம் பிரபாவதிக்கு இந்த ஊருக்கு வாழ்க்கைப்பட்டு வந்த இரண்டு வருஷத்தில் பழகிப்போன சத்தங்கள். இது மெல்லிசாக, குளிரில் பல் தந்தியடிப்பது மாதிரி, கண்ணாடியோடு கண்ணாடி இடித்துக்கொள்வது மாதிரி, நாலைந்து தரம் கேட்டது, நின்றது, யோசித்துவிட்டு மறுபடி கேட்டது. இருட்டுக் கூடத்தில் தொட்டில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்திருந்தவள் ஆட்டுகிற கையை நிறுத்தினாள். தொட்டிலில் அபி, ஏழு மாசம், வாய் திறந்து தூங்கிக்கொண்டிருந்தாள். "வந்துட்டானுவ" என்று இருட்டின் அந்தக் கோடியிலிருந்து குரல் வந்தது. அத்தை. அவள் புருஷன் சிவநேசனின் அம்மா தையல்நாயகி, பெஞ்சில் காலை நீட்டிப் போர்வையால் மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். "ரத்தம் எடுக்கறவனுவதான். கண்ணாடிச் சில்லுப் பொட்டி அது, சைக்கிளு கல்லுல ஏறி எறங்கினா அப்படித்தான் சிணுங்கும். தொட்டில ஆட்டாத, கிறீச்சுங்குது." ஆட்டவில்லை அத்தை, என்று சொல்ல வாயெடுத்துச் சொல்லாமல் விட்டாள். வீட்டில் யாருமில்லை என்று ஆன பிறகு பேசுவது எப்படி? வாசல் கதவு வெளியே பூட்டிக் கிடக்கிறது. பூட்டியது அவளேதான். ஏழரை மணிக்கு வாசலுக்குப் போய், கதவைச் சாத்தி, நாதாங்கியில் பூட்டை மாட்டி இழுத்துப் பார்த்து, பக்கத்துச் சந்து வழியாகச் சாக்கடையைத் தாண்டிக் கொல்லைப்புறம் சுற்றிவந்து, தன் வீட்டுக்குள் தானே திருடி மாதிரி நுழைந்தாள். சாவி இப்போது இடுப்பில், புடவைச் செருகலில், உடம்புச் சூட்டுக்குச் சூடாகி. அவள் மட்டுமா? எதிர்வீட்டுக் கம்பவுண்டர் பெண்டாட்டியும் அதே நேரத்துக்குப் பூட்டிவிட்டு அந்தப்பக்கச் சந்தில் இறங்கினாள்; இருவரும் பார்த்துக்கொண்டார்கள், சிரித்துக்கொள்ளவில்லை. தெரு முழுக்கப் பூட்டு, தெரு முழுக்க உள்ளே ஆள். இரண்டு வருஷத்துக்கு ஒரு தரம் இரவுப் பரிசோதனைக்காரர்கள் வரும்போது இந்தத் தெரு இப்படித்தான் ஊரைவிட்டுப் போகிறது.

ஏன் இரவில் வருகிறார்கள்? பகலில் வந்தால் ரத்தம் ரத்தமாக இருக்காதா? காலையில் இதைக் கேட்டிருக்க வேண்டும். காக்கிச் சட்டைக்காரர், தெய்வசிகாமணி என்று சட்டையில் பெயர் குத்தியிருந்தார், வாசலில் சைக்கிளை நிறுத்தி ஒரு ரோஸ் காகிதத்தைக் கொடுத்துவிட்டுப் போனபோது அவள் கையில் குழந்தை, அடுப்பில் பால், வாயில் ஒரு ஹேர்பின். காகிதத்தைப் பிறகுதான் படித்தாள். இப்பகுதி யானைக்கால் நோய் எண்டெமிக் பகுதி என்பதால் இன்று இரவு எட்டு மணி முதல் பன்னிரண்டு மணி வரை வீடுதோறும் இரத்த மாதிரி எடுக்கப்படும், பொதுமக்கள் ஒத்துழைக்கவும். சோற்றில் கல் மாதிரி அந்த ஒரு சொல் கடிபட்டது. மற்றதெல்லாம் தமிழில் சரளமாக ஓடிக்கொண்டிருக்க, எண்டெமிக் மட்டும் வழியில் உட்கார்ந்துகொண்டு நகர மாட்டேனென்றது. காலையிலிருந்து அதைத்தான் மென்றுகொண்டிருக்கிறாள். குழம்புக்குப் புளி கரைக்கும்போது, துணி உலர்த்தும்போது. தெரியாத சொல் என்றால் விட்டுவிடலாம். தெரிந்த சொல். குன்னூரில், ஒன்பதாம் வகுப்பில், மழை ஜன்னலை அறைந்துகொண்டிருந்த ஒரு மத்தியானம், சிஸ்டர் டொரோத்தியாவின் பெரிய அட்லஸில் அவள் அதைப் பார்த்திருக்கிறாள். பருவக்காற்றுப் பக்கத்தைத் தேடியவள் தவறிப்போய் வேறொரு பக்கத்தைத் திறந்துவிட்டாள். இந்தியாவின் படம், ஆனால் நெல்லும் இல்லை, இரும்பும் இல்லை, நோய்கள். மலேரியாவுக்குப் புள்ளி, காலராவுக்குக் கட்டம், இன்னொன்றுக்குச் சாய்வாகச் சன்னச் சன்னக் கோடு. காவிரி கடலில் கைவிரித்து விழுகிற இடம் முழுக்க அந்தச் சாய்கோடு போட்டு நிழலிட்டிருந்தது. ஓரத்தில் விளக்கக் கட்டத்துக்குள் அந்தச் சொல். "சிஸ்டர், இது என்ன?" "நாட் இன் போர்ஷன், பிரபாவதி. மான்சூன் பக்கத்தைத் திருப்பு." போர்ஷனில் இல்லாததை எல்லாம் தேடிப் பார்ப்பது அவள் வியாதி. நூலகத்து அகராதியில் பார்த்தாள். ஒரு குறிப்பிட்ட மக்களிடையே அல்லது ஒரு குறிப்பிட்ட இடத்தில் எப்போதும் காணப்படுவது. அப்போது அது ஒன்றும் உறுத்தவில்லை. ஆறாயிரம் அடி உயரத்தில், ஸ்வெட்டருக்குள் கையை விட்டுக்கொண்டு, கொசுவே இல்லாத ஊரில் நின்று கீழே எங்கோ கிடக்கிற ஒரு நிழலைப் பார்த்தாள். யாரோ மனிதர்கள், யாருடைய ஊரோ. அந்தப் படத்தின்மேல் அன்றைக்கு விரல் வைத்தாளே, அந்த விரல்நுனிக்கு அடியில் இந்தத் தெரு இருந்திருக்கிறது. இந்தக் கூடம், இந்தத் தொட்டில், கயிறு மாட்டியிருக்கிற உத்தரத்துக் கொக்கி. அத்தை அன்றைக்கும் இந்தப் பெஞ்சில்தான் காலை நீட்டி உட்கார்ந்திருப்பாள்.

அந்த 'அல்லது'தான் விடமாட்டேன் என்கிறது. மக்களிடையே அல்லது இடத்தில். எது? மக்களிடையே என்றால் அது ரத்தத்தில் ஓடுகிற சங்கதி; பாட்டனிடமிருந்து அப்பனுக்கு, அப்பனிடமிருந்து மகளுக்கு, மூக்கு வருகிற மாதிரி வரும். அபிக்கு மூக்கு சிவநேசன் மூக்கு. புருவமும் அவர்தான். அப்படியானால் பெஞ்சில் போர்வைக்குள் இருக்கிற அந்தக் கால்? இடத்தில் என்றால் வேறு. இடம் என்றால் அரசலாறு, வயல் தண்ணீர், சந்தில் தேங்கிக் கிடக்கிற சாக்கடை, செப்டிக் டேங்க் மூடியின் விரிசல். இடத்தை விட்டுப் போய்விடலாம், ரத்தத்தை விட்டு எங்கே போவது? அகராதிக்காரனுக்கு என்ன, ஒரு 'அல்லது' போட்டுவிட்டு அடுத்த சொல்லுக்குப் போய்விட்டான். அம்மாவுக்கு அந்தச் சந்தேகமே கிடையாது. நீலக் கடுதாசியில், குன்னூர் ஈரத்தில் மசி கசிந்த எழுத்தில், அம்மா தீர்ப்பே எழுதிவிட்டாள். 'அந்தக் குடும்பத்தில் அந்தக் கால் உண்டென்று ஒரு வார்த்தை தெரிந்திருந்தால் பெண் கொடுத்திருக்க மாட்டோம். கல்யாணத்தன்று சம்பந்தியம்மா மணையை விட்டு எழுந்திருக்கவே இல்லை, பட்டுப்புடவையைக் காலைச் சுற்றிப் பரத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள், மரியாதைக்காரி என்று நினைத்தேன். ஏமாந்தோம். குழந்தையை அவளிடம் அதிகம் விடாதே.' பிரபாவதி அதிகம் விடவில்லை. விடவில்லை என்று யாருக்கும் தெரியாத மாதிரி விடவில்லை. பசிக்கிறது அத்தை, நான் வாங்கிக்கறேன். தூக்கம் வருது அத்தை. மூத்திரம் போயிட்டா அத்தை, உங்க புடவை வீணாயிடும். சிரித்துக்கொண்டே, கைநீட்டிக்கொண்டே. கான்வென்ட்டில் சொல்லிக்கொடுத்த ஒழுங்கான சிரிப்பு. அத்தை ஒன்றும் கேட்டதில்லை. குழந்தையைக் கொடுத்துவிட்டு, தன் இரண்டு கைகளையும் ஒரு தரம் பார்த்துவிட்டு மடியில் வைத்துக்கொள்வாள், அவ்வளவுதான்.

கிணுக். நெருங்கிவிட்டது. இங்கிருந்து நாலாவது வீடா, ஐந்தாவதா? கதவை விரலால் தட்டுகிற சத்தம், பிறகு ஓர் ஆண்குரல், காலையில் கேட்ட குரல்தான், களைத்துப்போய்க் கிண்டலாக மாறியிருந்தது: "என்னம்மா சகாயம், இந்தத் தெரு மொத்தமா காசி யாத்திரை போயிடுச்சா?" ஒரு பெண்குரல் சிரித்தது. "காசிக்கெல்லாம் இல்ல சார். இந்த வீட்டுல உள்ளார தாளிக்கிற வாசன வருது." "பூட்டுதான் தாளிக்குதுபோல. அம்மா, பூட்டம்மா! கடுகு தீயுது பாருங்க." எதிர்வீட்டில் எதுவோ தொப்பென்று விழுந்தது. கம்பவுண்டர் பெண்டாட்டியாகத்தான் இருக்கும். பிரபாவதிக்குச் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்தது, முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாள், அந்தச் சிரிப்புக்குள்ளேயே பயம் இருந்தது, ஒளிந்து விளையாடும்போது தேடுகிறவனின் காலடி பக்கத்தில் வந்து நிற்குமே, அந்த மாதிரி. "சிரிக்காத" என்றாள் அத்தை தணிந்த குரலில். "உனக்கு வெளையாட்டா இருக்கு, கான்வென்ட்டு. என் காலத்துல இப்படி ஒளிஞ்சுக்கத் தெரியாமத்தான் கெட்டேன். சிவநேசனப் பெத்து ஆறு மாசம். குளுரு ஜுரம், தொடையிடுக்குல நெறி கட்டி. ரத்தம் எடுக்க வந்தான், நீட்டுனேன், இருக்குன்னுட்டான். சரி, மாத்தெர குடுன்னா, குடுக்கறவன் பகல்ல வருவான், தெருமொனயிலேருந்தே கூவுவான். தையல்நாயகி மாத்தெர! தையல்நாயகி மாத்தெர! கீர விக்கறவன் மாரி. என் நாத்தனாளப் பொண்ணு பாக்க வந்தவங்க காதுல அது விழுந்துச்சு. காப்பியக்கூடக் குடிக்கல, எழுந்து போயிட்டாங்க. அவ பொறவு முப்பத்தோரு வயசுல ரெண்டாந்தாரமாப் போனா. என் மொகத்துல முழிக்காமயே செத்தா. நாலு நாளு மாத்தெர தின்னேன், அப்புறம் கெணத்துல போட்டேன்." இவ்வளவு நீளமாக அத்தை பேசி அவள் கேட்டதில்லை. இருட்டு என்பதால் வந்த பேச்சு. பகலில் இந்த வாயிலிருந்து உப்பு போதுமா, தண்ணி வந்துச்சா, இவ்வளவுதான் வரும். அப்படியானால் அந்தச் சொல்லுக்குள் இதுவும் அடக்கமா? எப்போதும் காணப்படுவது. பூட்டு, சந்து, தெருவில் கூவிய பெயர், குடிக்காமல் ஆறிப்போன காப்பி. அட்லஸ்காரன் சாய்கோடு போட்டபோது இதையெல்லாம் சேர்த்துத்தான் போட்டானா? பென்சிலைச் சாய்த்துப் பிடித்து, ஆற்றின் ஓரத்திலிருந்து கடல்வரைக்கும், சர் சர்ரென்று.

பின்கட்டில் தினமும் இருட்டும் நேரத்தில் அத்தை காலைக் கழுவுவதை அவள் ஒரு நாள் பார்த்தாள். பார்க்கக் கூடாதென்று நினைத்துக்கொண்டே கதவிடுக்கில் நின்று பார்த்தாள். சோப்புப் போட்டு, பச்சைத் தண்ணீர் ஊற்றி, மடிப்பு மடிப்பாகத் துணியை விட்டு, ஒவ்வொரு விரலிடுக்காக ஈரம் ஒற்றி, ஏதோ கைக்குழந்தையைக் குளிப்பாட்டுகிற மாதிரி அவசரமே இல்லாமல். அருவருப்பு வரும் என்று காத்திருந்தாள், வரவில்லை. வந்தது ஆச்சரியம்தான். இதைக் கட்டியது எது, கண்ணுக்குத் தெரியாத ஒரு புழுவா? நூல் மாதிரி இருக்குமாம், சிவநேசன் சொன்னார், பால் குளிரூட்டும் நிலையத்தில் கூட வேலை செய்கிற யாரோ சொன்னார்களாம். பெரிய புழு உள்ளே எங்கோ குடியிருந்து குட்டி போடுமாம், குட்டிகள் ராத்திரியில் மட்டும் ரத்தத்தோடு தோலுக்குப் பக்கத்தில் உலாவ வருமாம். அப்படியா? ராத்திரியில் மட்டுமா? அதனால்தான் எட்டு மணியா? ஓ. காலையிலிருந்து கேட்டுக்கொண்டிருந்த கேள்விக்குப் பதில் தன்னிடமே இருந்திருக்கிறது, இவ்வளவு நேரம் எங்கே ஒளிந்திருந்தது? ஆனால் உடம்புக்குள் வெளிச்சம் ஏது, ராத்திரி என்று அதற்கு யார் சொல்வது? கண்ணில்லாத ஒன்று, ஜன்னலில்லாத ஓர் இடத்தில், மணி எட்டு என்று எப்படி அறிகிறது? பகலெல்லாம் நுரையீரலில் போய்ப் பதுங்கி, கொசு கடிக்கிற வேளை பார்த்து வாசலுக்கு வந்து நிற்கிறதென்றால், கொசுவின் வேளை அதற்குத் தெரிந்திருக்கிறது. மனுஷி தூங்குகிற வேளையும் தெரிந்திருக்கிறது. என்ன சாமர்த்தியம். யாரையும் கேட்காமல், எழுதி வைக்காமல். சிஸ்டர் டொரோத்தியாவிடம் சொன்னால், வொண்டர்ஃபுல் ஆர் ஹிஸ் வொர்க்ஸ் என்று சிலுவை போட்டுக்கொள்வார், பிறகு நாட் இன் போர்ஷன் என்பார். இந்த நிமிஷம், இதோ, எட்டே காலோ எட்டரையோ, என் கைக்குள், இந்தத் தோலுக்கு அடியில், ஏதாவது உலாவிக்கொண்டிருக்கிறதா? அவள் இடது கையை வலது கையால் பிடித்துக்கொண்டாள். நாடி துடித்தது. நாடி மட்டும்தானா? எனக்கு வீக்கமில்லை, ஜுரமில்லை. அத்தைக்கும் முதலில் இல்லையே. கல்யாணமாகி வந்து ஒரு வருஷம் இங்கே இருந்தேன், பிரசவத்துக்குக் குன்னூர் போனேன், அபிக்கு மூன்று மாசம் முடிந்ததும் வந்தேன். எத்தனை இரவு, எத்தனை கொசு?

கதவு தட்டப்பட்டது. இவர்கள் கதவு. அவ்வளவு பக்கத்தில் கேட்கும் என்று நினைக்கவே இல்லை. கதவைத் தட்டியது அவள் முதுகெலும்பில் கேட்டது. டார்ச் வெளிச்சம் கதவிடுக்கு வழியாக நூலாக உள்ளே விழுந்து, தரையில் ஓடி, தொட்டிலின் பூப்போட்ட புடவையைத் தொட்டு நின்றது. "அம்மா, காலைல நோட்டீஸ் குடுத்தேனே" என்றார் தெய்வசிகாமணி. பூட்டைத் தூக்கிப் பார்த்துவிட்டு விட்டார், அது கதவில் மோதி ஆடியது. "இங்கயும் கோவிந்தா. எழுதிக்க சகாயம், பதினாலாம் நம்பர், பூட்டு." "சார், சின்னப்புள்ள துணி காயுது மாடிக் கொடியில." "துணிக்கு வெரலு இருந்தா குத்தலாம். வா." பிரபாவதி கண்ணை மூடிக்கொண்டாள், கண்ணை மூடினால் தன்னைப் பார்க்க முடியாது என்று நினைக்கிற குழந்தை மாதிரி. சைக்கிள் ஸ்டாண்டைத் தட்டிவிட்டார்கள். கிணுக், கிணுக். போகிறது. போய்விட்டது. பதினைந்தாம் நம்பர். பிழைத்தோம், என்று நினைத்தாள், நினைத்ததும் அந்த நினைப்பே வேடிக்கையாக இருந்தது. எதிலிருந்து பிழைத்தோம்? எது வெளியே போயிற்று, எது உள்ளேயே இருக்கிறது? அப்போது தொட்டில் பக்கமாக ஒரு ஙொய் கேட்டது. காதோரம் வந்து, விலகி, சன்னமாகி, நின்றது. கொசு பாடும்போது பயமில்லை, நிறுத்தும்போதுதான் பயம். கையை மெதுவாகத் தொட்டிலுக்குள் விட்டுத் துழாவினாள். குழந்தையின் தோள், முழங்கை, மணிக்கட்டில் கட்டியிருக்கிற கருப்புக் கயிறு. அதற்கு மேலே, உட்கார்ந்திருக்கும் என்று தோன்றிய இடத்தில், பட்டென்று வைத்தாள். அபி முனகி, திரும்பி, தூங்கினாள். உள்ளங்கையில் ஈரம். ஒரு சொட்டுகூட இல்லை, சொட்டில் பாதி. விரலால் தேய்த்தாள், பிசுக்கென்றது. இருட்டில் சிவப்பு தெரியாது, ஆனால் ரத்தம் என்று விரலுக்குத் தெரிந்தது. யாருடையது? அபியுடையதா, இப்போதுதானே உட்கார்ந்தது, அதற்குள்ளாகவா? என்னுடையதாக இருக்கலாம், பதினைந்து நிமிஷமாகக் கணுக்காலில் அரித்துக்கொண்டிருக்கிறது. அத்தையுடையதாக இருக்கலாம். எதிர்வீட்டுக் கம்பவுண்டருடையதாக, அவர் பெண்டாட்டியுடையதாக, சந்தில் நாய்க்குச் சோறு வைக்கிற கிழவருடையதாக. பூட்டுக்கு வெளியே போய் வருகிற ஒரே ஜீவன் இதுதான், எல்லா வீட்டுக்குள்ளும் நுழைந்து எல்லாருடையதையும் ஒன்றாகக் கலந்து கொண்டுவருகிறது. அகராதிக்காரனே, உன் மக்களும் உன் இடமும் இதோ என் உள்ளங்கையில் ஒட்டிக்கொண்டிருக்கிறது. என்னிடம் இருந்தால்? என்னிடம் இருந்து, அதை இது எடுத்துக்கொண்டுபோய், இன்னொரு நாள், இன்னொரு இரவு, இந்தத் தொட்டிலுக்கே திருப்பிக் கொண்டுவந்தால்? நான் பெற்றுக் கொடுத்ததாகாது, ரத்த பந்தமாகாது. என்னிடம் இருக்கிறதா என்று கேட்க வந்தவர்களிடம் நான் ஊரில் இல்லை என்று சொன்னதாகத்தான் ஆகும்.

எழுந்துவிட்டாள். எழுந்தது காலா மனசா, எது முதலில் எழுந்தது என்று தெரியவில்லை. "எங்க போற?" என்றாள் அத்தை. "கூப்பிடப் போறேன், அத்தை." "பைத்தியமா உனக்கு? போனவனக் கூப்புட்டு வெரல நீட்டுவியா? நாளைக்குத் தெருவே சிரிக்கும். எல்லாரும் பூட்டிக்கிட்டிருக்கயில நீ மட்டும் தொறந்தா, அந்த வீட்டுலதான் இருக்குன்னு எழுதி ஒட்டுன மாரி." "இருந்தா?" என்று கேட்டாள் பிரபாவதி. "இருந்து, தெரியாம இருந்தா, அபிக்கு?" குழந்தையைத் தனியாகத் தொட்டிலில் விட்டுப் போவதா, தூக்கிக்கொண்டு சாக்கடை தாண்டுவதா? ஒரு நொடி அந்த நீலக் கடுதாசியின் மசி கண்முன் வந்தது. அவள் குனிந்து அபியை எடுத்தாள், வெதவெதவென்று கழுத்தில் சாய்ந்தது, நாலு எட்டு நடந்து போய் இருட்டில் அத்தையின் மடி எங்கே என்று முழங்காலால் தேடி, போர்வையின் மேல், அந்தக் காலின் மேல், குழந்தையை வைத்தாள். "கொசு ஒக்காராம பாத்துக்குங்க" என்றாள். அத்தையின் கைகள் உடனே வரவில்லை. வந்ததும் இறுக்கிப் பிடித்துக்கொண்டன.

சந்தில் ஓடும்போது செருப்பு ஒன்று சாக்கடையோரச் சேற்றில் வழுக்கியது. "சார்! சார்!" பதினெட்டாம் நம்பர் வாசலில் டார்ச் திரும்பி அவள் முகத்தில் அடித்தது. "பதினாலு" என்றாள் மூச்சிரைக்க. "பதினாலுல இருக்கோம்." தெய்வசிகாமணி அவளையும், அவள் இடுப்பிலிருந்து எடுத்த சாவியையும் பார்த்தார். சிரிப்பார் என்று நினைத்தாள், சிரிக்கவில்லை. "அந்த 'பூட்டு'ங்கறத அடிச்சிடு சகாயம்" என்றார். பூட்டைத் திறக்கும்போது எதிர்வீட்டு ஜன்னல் ஒரு விரல்கடை திறந்திருந்ததைப் பார்த்தாள், பார்க்கட்டும். கூடத்தில் விளக்கைப் போட்டதும் எல்லாரும் கண்ணைச் சுருக்கிக்கொண்டார்கள். அத்தை நழுவியிருந்த போர்வையை இழுத்துக் காலைப் போர்த்தினாள். மடியில் குழந்தை இருந்ததால் பாதிதான் போர்த்த முடிந்தது. சகாயம் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து மரப்பெட்டியைத் திறந்தாள். உள்ளே வரிசை வரிசையாகக் கண்ணாடிச் சில்லுகள், மூன்றைத் தவிர எல்லாம் காலி, துடைத்து வைத்த மாதிரி. "பதினேழு வீடு, மூணு பேரு" என்றாள் சகாயம், "அதுல ஒருத்தரு ஃபுல் போதை. அவருதான் விருப்பமா குத்திக்கிட்டவரு." பிரபாவதியின் மோதிர விரலைப் பிடித்துப் பஞ்சால் துடைத்தாள். குத்தியது எறும்புக்கடிதான். மூன்று சொட்டு, கண்ணாடியில் மூன்று கோடாக இழுத்து, ஓரத்தில் பென்சிலால் நம்பர். அவ்வளவுதான் நானா? வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள், சிவப்பு, ஒன்றுமே தெரியவில்லை. "சார், எண்டெமிக்னா என்ன சார்?" தெய்வசிகாமணி பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்து தொப்பியைக் கழற்றினார். "இருபத்தாறு வருஷத்துல இதக் கேட்ட மொத ஆளு நீங்கதாம்மா. காலரா இருக்குல்ல, அது விருந்தாளி. வரும், ஊரையே ரகளை பண்ணும், போயிடும். இது குடித்தனக்காரன். சத்தம் கித்தம் கெடையாது, காலிபண்ணவும் மாட்டான். இங்கதான் இருப்பான்னு இல்ல, பத்து ஊருல இருப்பான், ஆனா இங்க எப்பவும் இருப்பான். அதான் எண்டெமிக்." "குடும்பத்துல வருமா? பரம்பரையா?" "ஏம்மா, கொசு ஜாதகம் பாத்தா கடிக்குது?" சகாயம் சிரித்தாள். பிரபாவதிக்குச் சிரிப்பு வரவில்லை, அந்த 'அல்லது' மெதுவாக எங்கோ நழுவி இறங்குவது மாதிரி இருந்தது, முழுக்க இறங்கவில்லை. "புழு வளர்ந்து குட்டி போடவே கிட்டத்தட்ட ஒரு வருஷம் ஆவும்" என்றார் அவர். "கைக்குழந்தைக்கு இப்ப எடுக்கறதில்ல. வலைக்குள்ள போடுங்க, அதான் வைத்தியம். வீட்டுக்காரர் எங்க?" "நைட் ஷிப்ட், பால் நிலையத்துல. வருஷக்கணக்கா." "அப்ப அவரைப் பகல்ல வந்து புடிக்கணும். மொதலாளி தூங்கற நேரத்துக்குத் தக்கபடி உள்ள இருக்கறவனும் டூட்டி மாத்திக்குவான்." அட, என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டாள். சூரியனில்லை, தூக்கம்தான் அதற்கு மணி. எவ்வளவு நெருங்கி வாழ்கிறது அது, ஒருத்தியின் தூக்கத்தை எண்ணிக்கொண்டு.

"பெரியம்மா, நீங்க?" என்று சகாயம் பெஞ்சுப் பக்கம் நகர்ந்தாள். அத்தை தலையசைத்தாள். "எனக்கெதுக்கு? எங்கிட்டதான் இருக்குன்னு ஊருக்கே தெரியும்." "கால் வீங்கினவங்க ரத்தத்துல பெரும்பாலும் இருக்காது, பெரியம்மா" என்று தெய்வசிகாமணி தொப்பியைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டே, நாளைக்கு மழை வரும் என்கிற மாதிரி, சொன்னார். "அது வந்து தங்கி, வேலையக் காட்டிட்டு, செத்துப்போயிருக்கும். தேடுனாலும் கெடைக்கறதில்ல. எங்களுக்குக் கெடைக்கறதெல்லாம் ஒண்ணுமே தெரியாம நல்லா நடமாடுறவங்க ரத்தத்துலதான்." அபி அத்தையின் ரவிக்கை ஊக்கைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தாள். பிரபாவதி தன் விரலில் பஞ்சை அழுத்திக்கொண்டு தரையைப் பார்த்தாள். ஏழு மாசமா, இல்லை, நாலு மாசம், நாலு மாசமும் ஒரு நாளைக்கு எத்தனை தரம், பசிக்கிறது அத்தை, தூக்கம் வருது அத்தை. எடுத்து எடுத்து என் மடியில் வைத்துக்கொண்டேனே, நல்லா நடமாடுகிற என் மடியில். அத்தை ஏதாவது சொல்லட்டும் என்றிருந்தது, சொல்லிவிடப் போகிறாளே என்றும் இருந்தது. "கேட்டுக்கிட்டியா, கான்வென்ட்டு?" என்றாள் அத்தை. குரலில் குத்தல் இருந்தது, ஆனால் அது முனை மழுங்கியிருந்தது. பிறகு குழந்தையை இடது கைக்கு மாற்றிக்கொண்டு வலது கையைச் சகாயத்திடம் நீட்டினாள். "எடு. இருந்தா இருக்கட்டும், இல்லன்னா இல்லன்னு எழுதி எங்கிட்ட குடு. தெருவுல கூவப்படாது, சொல்லிட்டேன்." "கூவ மாட்டோம்" என்றார் தெய்வசிகாமணி. "பத்து நாள் கழிச்சு மருமவள ஆபீசுக்கு அனுப்புங்க, கையிலயே குடுத்துடறேன்."

பத்து நாள். அதற்குள் எத்தனை இரவு, ஒவ்வொரு இரவும் எட்டு மணிக்கு இந்தக் கையைப் பிடித்துப் பார்த்துக்கொண்டிருப்பேன். இருந்தால் மாத்திரை, கிணற்றில் போட மாட்டேன். இல்லையென்றால்? இல்லையென்றாலும் இங்கேதானே இருக்கப்போகிறேன், அந்தச் சாய்கோட்டுக்குள்ளே, அவன் குடித்தனத்துக்குப் பக்கத்துப் போர்ஷனில். அம்மாவுக்கு எழுத வேண்டும், இரண்டு பக்கமாவது ஆகும், எங்கிருந்து ஆரம்பிப்பது? அவர்களை வாசல்வரை கொண்டுவிட்டாள். பெட்டி கேரியரில் ஏறியது. எதிர்வீட்டுக் கம்பவுண்டர் பெண்டாட்டி ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, "என்னாத்துக்குடி கூப்புட்ட? வலிச்சுதா?" என்று கிசுகிசுத்தாள். "எறும்புக்கடிதான்க்கா" என்றாள் பிரபாவதி. ஜன்னல் சாத்திக்கொள்ளவில்லை. பூட்டு திறந்த வாயோடு நாதாங்கியில் தொங்கியது. கழற்றி எடுத்துக்கொண்டு உள்ளே வந்தாள். "பூட்டலியா?" என்றாள் அத்தை, குழந்தையின் காலை மெல்லத் தட்டிக்கொண்டே. "அடுத்த தெருவ முடிச்சுட்டு விட்டுப்போனதயெல்லாம் புடிக்கத் திரும்பி இப்படித்தான் வருவானுவ." "வரட்டும் அத்தை. நாமதான் இருக்கோம்னு சொல்லியாச்சே." விளக்கை அணைக்கவில்லை. இரண்டு கதவுகளையும் சேர்த்துத் தள்ளி, தோளால் முட்டுக்கொடுத்து, துருப்பிடித்து வர மறுத்த தாழ்ப்பாளைக் குத்தின விரல் வலிக்க இழுத்து உள்ளேயிருந்து போட்டாள்.